கமரா நிற்கும் பக்கம்

நான் சினிமாவில் வேலை செய்தவன் என்று தெரிந்தால் டென்மார்க்கில், இந்த வைலே நகரத்தில், எங்கள் ஆட்கள் முதலில் கேட்பது, "நடிச்சனீங்களோ?" இல்லை என்பேன். "அப்ப படம் பிடிச்சனீங்களோ?" அதுவும் இல்லை. இத்தாலியில் முப்பது வருடத்துக்கு மேல் செட் அமைத்தேன், தமிழ்நாட்டுப் படங்களில் கலை இயக்குநர் என்று போடுவார்களே, அந்த வேலை என்று விளக்குவேன். முகத்தில் மெல்லிய இரக்கம் வரும். "ஓ, தச்சு வேலை." பிறகு மகளின் கலியாணத்துக்கு விளையாட்டு மண்டபத்தில் மணவறை போட்டுத் தர முடியுமா என்ற இடத்துக்குக் கதை வந்து சேரும். ஒரேயொரு தடவை போட்டுக் கொடுத்தேன். தூண்கள் அசல் கல் போல இருக்கின்றன என்று மாப்பிள்ளையின் தாய்க்குக் கவலை. மினுங்க வேண்டுமாம்.

என்னை ரோமுக்கு அனுப்பியது குருவாக்குவதற்கு. யாழ்ப்பாணத்துக் கத்தோலிக்கக் குடும்பங்களில் ஆண் பிள்ளைகள் கூட இருந்தால் ஒருவனைக் கோயிலுக்குக் கொடுப்பது அப்போது வழக்கம். படிப்பு ஏறுகிறவனைத்தான் கொடுப்பார்கள். மெய்யியலும் இலத்தீனும் படித்தேன். ஒரு நத்தாருக்குக் குருமடத்தில் குடில் கட்டும் பொறுப்பு என்னிடம் வந்தது. அட்டையும் சாக்கும் சாந்தும் கொண்டு ஒரு பெத்லகேம் தெருவைக் கட்டினேன். மழை பெய்து ஓய்ந்த தெரு. பார்க்க வந்த ஒருவர் சுவரில் இருந்த ஈரத்தைத் துடைக்கக் கைக்குட்டையை எடுத்தார். அவர் நகரத்துக்கு வெளியே இருந்த படப்பிடிப்புத் தளமொன்றில் சாந்து வேலைக்காரரின் மேற்பார்வையாளர். அடுத்த கோடையில் நான் குருமடத்தில் இல்லை.

அதன் பிறகு எல்லாம் முறைப்படிதான் நடந்தது. பகலில் தளத்தில் சுவர்களுக்கு வண்ணம் அடித்தேன், மாலையில் நுண்கலைக் கழகத்தில் படித்தேன். வண்ணக்காரன், வரைபடக்காரன், உதவியாளன், கடைசியில் படத்தின் தொடக்க எழுத்துகளில் தனி வரியில் பெயர். அந்த வரி திரையில் நிற்கும் நேரத்துக்குள் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட முடியாது. தொழிலில் பாதியைக் காவல் நிலையங்கள் கட்டியே கழித்தேன். இத்தாலிய அரசை விட நான் கட்டியவை அதிகமாக இருக்கும். என்னுடையவற்றில் கூரை ஒழுகியதில்லை, கூரையே இல்லாதபடியால். மீதிப் பாதி சிறைச்சாலைகள், கன்னியர் மடங்கள், விவாகரத்தை நோக்கிப் போகிறவர்களின் வரவேற்பறைகள். ஒரு படம் என்றால் சில மாதம், தொலைக்காட்சித் தொடர் என்றால் வருடத்தின் பெரும்பகுதி, அநேகமாக ரோமுக்கு வெளியே. நான் வீட்டில் நிற்கிற நாட்களை மனைவி "இடைவேளை" என்பாள்.

ஓய்வு பெற்றதும் மகளுக்குக் கிட்ட இருக்கலாம் என்று டென்மார்க்குக்கு வந்தோம். மகள் ரோமில் பிறந்து, வைலேயில் வளர்ந்த பெடியன் ஒருவனைக் கட்டி இங்கே குடியேறியவள். நாங்கள் சாமான் சக்கட்டுகளோடு வந்து சேர்ந்த மறுவருடம் அவளுக்கு வடக்கே தூரத்து ஓல்போர்க் நகர மருத்துவமனையில் நல்ல பதவி கிடைத்தது. அவர்கள் போனார்கள். நாங்கள் வைலேயிலேயே நின்றோம், வீடு மாறும் நடைமுறையை இன்னொரு தடவை தொடங்க எனக்கு மனமில்லை. அதன் பிறகுதான் மனைவிக்கு மறதிநோய் வந்தது. அது வருகிற விதம் ஒரு செட்டைப் பிரிக்கிற விதம் போல. முதலில் சின்னச் சாமான்களை எடுப்பார்கள், யாரும் கவனிப்பதில்லை.

வீட்டில் வைத்துப் பார்க்க முடியாத நிலை வந்தபோது கொம்யூன், இங்கத்தைய நகரசபை, அவளுக்கு ஒரு பராமரிப்பு இல்லத்தில் இடம் தந்தது. என் வீட்டிலிருந்து நடந்து போகலாம். தனி அறை, சொந்தத் தளபாடம் கொண்டுவரலாம், ஜன்னலால் வாகனத் தரிப்பிடமும் ஒரு பைன் மரமும் தெரியும். மட்டக்களப்புப் பிள்ளை ஒருத்தி அங்கே பராமரிப்பாளராக இருந்தது எங்கள் அதிர்ஷ்டம், ஏனென்றால் மனைவிக்கு டேனிஷ் ஒரு சொல்லும் வராது. எனக்கு வரும். வந்து என்ன, அந்த நாட்களில் நான் ஒரு நாளில் கதைத்ததில் பாதி கடையில் இரசீது வேண்டாம் என்று சொன்னதுதான்.

பின்னேரம் வெளிச்சம் போகத் தொடங்கும்போது மனைவி கைப்பையை எடுத்துக்கொண்டு கதவடிக்கு வருவாள்.

"நேரம் போட்டுது. வீட்டை போவம்."

"இதுதானே வீடு."

"விசர்க் கதை கதையாதேங்கோ. அடுப்பில வைச்சிட்டு வந்தனான்."

நான் நிற்கிற நாளில் என்னோடு வாதாடுவாள். நான் இல்லாத நாளில் போய்விடுவாள். இரண்டு தடவை பேருந்துத் தரிப்பில் கண்டுபிடித்தார்கள், கோட் இல்லாமல். டென்மார்க்கில் ஒருவரைக் கதவைப் பூட்டி வைக்க முடியாது. அதற்கென்று சட்டமும் விதிவிலக்கும் மேல்முறையீடும் இருக்கின்றன, நான் மூன்றையும் வாசித்திருந்தேன். ஆகவே இல்லத்தின் மேலாளர் பெண்மணி அந்தப் பேச்சை எடுத்தபோது எங்கே போய் முடியும் என்று எனக்கு முன்பே தெரியும். மறதிநோயாளருக்கென்று பாதுகாப்பான தனிப் பிரிவு ஒன்று இருக்கிறது, ஆனால் வைலேயில் இல்லை. இரண்டு பேருந்து மாறிப் போக வேண்டிய ஓர் ஊரில். அங்கே தமிழ் தெரிந்தவர் யாரும் இல்லை.

"அவள் இங்கே நிலைகொள்ளவில்லை," என்றார் அவர், கோப்பியை என் பக்கம் நகர்த்தியபடி. "அடுத்த மாதம் கூடி முடிவெடுப்போம்."

"அதற்குள் நிலைகொண்டால்?"

"அப்படியென்றால் நல்லது," என்றார். டேனிஷ்காரர் நம்பாத ஒன்றுக்கு அப்படித்தான் பதில் சொல்வார்கள்.

ஒரு மாதம். அதை விடக் குறைந்த நேரத்தில் நான் ஒரு முழுச் சிறைச்சாலை கட்டியிருக்கிறேன். அவளுக்கு வீடு வேண்டும், நான் வீடு செய்கிறவன். இதை ஏன் முன்பே யோசிக்கவில்லை என்றுதான் எனக்கு எரிச்சல்.

எந்தப் படத்திலும் முதல் வேலை ஆய்வு. எந்த வீடு? வைலே வீட்டை அவள் ஒருபோதும் வீடாக எடுத்ததில்லை. யாழ்ப்பாணமாக இருக்குமோ என்று சந்தேகப்பட்டேன். ஆனால் ஒரு நாள் அடுப்பைப் பற்றிச் சொன்னவள், "கீழ்வீட்டுக் கிழவி மணக்குதெண்டு கத்தப் போறாள்" என்றும் சொன்னாள். கிழவி ரோமில் இருந்தவள், எங்கள் மீன்குழம்புக்கு எதிராகக் கட்டடக் கூட்டங்களில் முறையிட்டே வயதுபோனவள். ஆகவே ரோம், நாலாம் மாடி, குசினி.

அந்தக் குசினியின் படங்கள் என்னிடம் நிறைய இருந்தன. புது லென்ஸ் ஏதாவது கைக்கு வந்தால் மேசையடியில் என் கதிரையில் இருந்தபடியே நான் பரீட்சித்துப் பார்ப்பது வழக்கம். மஞ்சள் விளிம்பு போட்ட சுவர் ஓடுகள், அடுப்பு, அதன்மேல் சின்ன ஜன்னல், தட்டுகள் அடுக்கும் ராக்கை, துவாய் தொங்கும் ஆணி, இடது சுவரில் மாதா படம், வலப்பக்கம் குளிர்சாதனப் பெட்டி. இவ்வளவு முழுமையான ஆதாரம் எனக்கு எந்தப் படத்திலும் கிடைத்ததில்லை என்று பெருமைப்பட்டேன்.

நான் இருக்கும் அடுக்குமாடியின் நிலவறையில் வேலை தொடங்கினேன். மெல்லிய பலகைச் சட்டங்கள்மேல் ஓடுகளை வரைந்து, வார்னிஷ் பூசி, அடுப்புக்குக் கிட்டே மட்டும் எண்ணெய்ப் பழுப்பை ஏற்றினேன். பழைய சாமான் கடையில் ஒரு காஸ் அடுப்பு கிடைத்தது. உள்ளே இருந்ததைக் கழற்றிவிட்டேன். ஜன்னலுக்குப் பின்னால் ஒரு விளக்கு, அதற்கு முன்னால் தேன்நிறத் தாள்: ரோமில் ஐப்பசி மாதப் பின்னேரம், எதிர்வீட்டுச் சுவரில் பட்டுத் திரும்பி வருகிற வெயில். அந்த நிறத்துக்காக நான் ஒளிப்பதிவாளர்களோடு எத்தனையோ சண்டை பிடித்திருக்கிறேன். இப்போது எதிர்த்துக் கதைக்க ஒருவரும் இல்லை. அது நான் எதிர்பார்த்த அளவு சுகமாக இருக்கவில்லை.

இல்லத்தின் கட்டடப் பொறுப்பாளர் நெட்டையான, வார்த்தைகளை மிச்சம் பிடிக்கிற மனிதர். "சுவரில் ஆணி அடிக்கக் கூடாது," என்றார். அடிக்க மாட்டேன், எல்லாம் தன் காலில் நிற்கும், பின்னால் முண்டுக்கட்டை, அதன்மேல் மணல் மூட்டை என்றேன். "தீ?" என்றார். தீப்பற்றாத பூச்சு பூசிய துண்டொன்றை அவர் கையில் கொடுத்து, கொளுத்திப் பார்க்கச் சொன்னேன். வெளியே கொண்டுபோய் உண்மையாகவே கொளுத்திப் பார்த்தார். திரும்பி வந்து தலையை ஆட்டினார். அந்த வருடம் என் வேலையை அறிந்து பாராட்டிய ஒரே மனிதர் அவர்தான்.

மனைவியைக் குளிக்கக் கூட்டிப்போன நேரத்தில் எல்லாவற்றையும் அவள் அறையில் பொருத்தி முடித்தேன். மேலாளர் வந்தார், மட்டக்களப்புப் பிள்ளை வந்தாள், மகள் தொலைபேசித் திரையில் வந்தாள். நான் வழக்கப்படி எல்லாருக்கும் முன்னால் நின்று ஒரு கண்ணை மூடிப் பார்த்தேன். குறை இல்லை.

"ஆத்தே," என்றாள் மட்டக்களப்புப் பிள்ளை மெதுவாக. "நம்மட ஆஸ்பத்திரி மணம் கூட மறந்து போச்சு ஐயா."

மனைவி வந்தாள். வாசலில் ஒரு கணம் நின்றாள். பிறகு, யாரோ தடுத்து வைத்திருந்த வேலைக்குத் திரும்புகிறவள் போல நேரே அடுப்படிக்குப் போனாள். துவாயை எடுத்து உதறி, அதே ஆணியில் திருப்பிப் போட்டாள். சுவர் ஓடொன்றை விரலால் தடவினாள். ஜன்னல் வெளிச்சத்தில் கையைப் பிடித்துப் பார்த்தாள். எனக்குப் பின்னால் மேலாளர் மூச்சை இழுப்பது கேட்டது.

அதன் பிறகு அவள் திரும்பினாள்.

அவள் முகம் மாறியதை நான் முன்வரிசையில் நின்று பார்த்தேன். அவளுக்கு முன்னால் இருந்தது இல்லத்தின் வெள்ளைச் சுவர், கைகழுவும் திரவப் பெட்டி, வெளியே போகும் வழியைக் காட்டும் பச்சை விளக்கு, தன்னை உற்றுப் பார்க்கும் ஆட்கள்.

"மன்னிக்கவேணும்," என்றாள், அந்நியர்களோடு கதைக்கும் குரலில். "இது ஆரின்ர வீடு?" பதிலுக்கு நிற்கவில்லை. கைப்பையைத் தேடத் தொடங்கினாள்.

எங்கள் தொழிலில் நான்காவது சுவர் கிடையாது. மூன்று சுவர் எழுப்புவோம். நான்காவது பக்கத்தில் கமரா நிற்கும், விளக்குகள் நிற்கும், கோப்பிக் கோப்பையோடு பாதி ஊர் நிற்கும். நடிக்கிறவர் அந்தப் பக்கம் பார்க்காமல் இருக்கச் சம்பளம் வாங்குகிறார். என் மனைவிக்கு அப்படி ஒரு ஒப்பந்தம் இல்லை. நான் அந்தக் குசினியை ஒரு கதிரையிலிருந்து பார்த்தபடி கட்டியிருந்தேன். அவள் அதைப் பார்த்தது அடுப்படியிலிருந்து.

அன்றிரவு மகளைத் தொலைபேசியில் அழைத்தேன்.

"என்ர கதிரைக்குப் பின்னால சுவரில என்ன இருந்தது?"

"ஒண்டும் இல்லை அப்பா."

"ஒண்டும் இல்லாத சுவர் எண்டு ஒண்டு இல்லை. யோசி."

"வெள்ளைச் சுவர். உங்கட தலை பட்டுப் பட்டு ஒரு எண்ணெய்க் கறை இருந்தது. அம்மா தேய்க்கிறவ, போகாது."

"அம்மா அடுப்படியில நிண்டு திரும்பினா என்ன தெரியும்?"

"கதிரை." கொஞ்சம் யோசித்தாள். "நீங்கள் இல்லாத நேரம் அதில வெங்காயப் பையை வைக்கிறவ. நீங்கள் வாறீங்களெண்டா எடுத்துப் போடுவா."

கறையை நான் பலவிதமாக வரைந்து பார்த்தேன். பிற மனிதர்களின் தலைக்கறைகளை எத்தனையோ வரைந்திருக்கிறேன். என்னுடையது வருவதாயில்லை, அதை நான் கண்டதே இல்லையே. ஒருவழியாக ஒரு பலகையை முடித்து, அதையும் என் வீட்டிலிருந்து ஒரு கதிரையையும் தூக்கிக்கொண்டு ஒரு பின்னேரம் போனேன். அவள் அடுப்படியில் நின்று, எரியாத அடுப்பில் கோப்பிக் கேத்தலை வைத்து எடுத்துக்கொண்டிருந்தாள். பச்சை விளக்குத் தெரியாதபடி பலகையை நிறுத்தினேன். கறையின் உயரம் சரியா என்று பார்க்கக் கதிரையில் இருந்து தலையைச் சாய்த்தேன்.

அவள் திரும்பினாள்.

"எப்ப வந்தனீங்கள்?" என்றாள்.

"இப்பத்தான்."

"அவர் இல்லை. படப்பிடிப்புக்குப் போட்டார். இருங்கோ, வந்திடுவார்." கையைத் துவாயில் துடைத்தாள். "கோப்பி குடிப்பீங்கள்தானே?"

அந்த நேரம் மட்டக்களப்புப் பிள்ளை வாசலில் எட்டிப் பார்த்தாள். மனைவியின் கைப்பை கொளுக்கியில் தொங்கியபடியே இருந்தது. அவள் வாயைத் திறக்க முன் நான் கையை உயர்த்தினேன், கமரா ஓடும்போது உயர்த்துகிற மாதிரி. புரிந்துகொண்டு போய்விட்டாள்.

வெறும் கோப்பை வந்தது. வெறும் கோப்பையை நடிகர்கள் இறகு போலத் தூக்குவது எனக்கு எப்போதும் பிடிக்காது. நான் அதைப் பாரத்தோடு தூக்கி, ஊதி, குடித்தேன்.

"சீனி காணுமோ?"

"காணும்."

"அவருக்குக் காணாது. மூண்டு கரண்டி." அறை மேசையின் மறுபக்கக் கதிரையில் இருந்தாள். "நீங்களும் அவரோடயோ வேலை?"

"ஓம்."

"பாவம்," என்றாள். "எங்க போனாலும் சுவரைத் தட்டிப் பாக்கிற மனுசன். கலியாண வீட்டில, செத்த வீட்டில. ஒருக்கா ஆயரின்ர வீட்டிலயும் தட்டினவர்."

"சரியான கரைச்சல், என்ன?"

"வீட்டில நிண்டாத்தானே கரைச்சல்."

பேசிக்கொண்டே இருந்தாள். வெளியே இருட்டிவிட்டது. அவள் கதவுப் பக்கம் பார்த்தாள், எழும்பவில்லை. ஆளை இருத்திவிட்டு வீட்டுக்காரி வெளிக்கிட்டுப் போவது எங்கள் ஆட்களில் நடக்கிற காரியம் இல்லை. வந்தவன் எழும்பும் வரை அவளும் வீட்டில்தான். அதற்குச் சட்டமும் கிடையாது, விதிவிலக்கும் கிடையாது.

மறுநாளும் போனேன். அதற்கு மறுநாளும். முடிவெடுக்கும் கூட்டத்தில் மேலாளர் வியப்போடு அறிவித்தார்: பின்னேரங்களில் அமைதி, வெளியே போகும் முயற்சி இல்லை, இடமாற்றம் தேவையில்லை. என்ன நடவடிக்கையால் இந்த முன்னேற்றம் என்று பதிய வேண்டுமாம். கொம்யூனிலிருந்து வந்தவர், "கணவரின் தினசரி வருகை" என்றார். கணவர் வருவதில்லை, விருந்தாள் ஒருவர் வருகிறார் என்று திருத்தினேன். அப்படி ஒரு வகை அவர்களிடம் இல்லை. கணவர் என்றே பதிந்தார்கள்.

காலையில் போனால் நான் யாரும் இல்லை. கட்டிலைத் திருத்த வந்த ஆள், அவ்வளவுதான். பின்னேரம் மட்டும் எனக்கு ஒரு பாகம் இருக்கிறது. அவளை வாழ்நாளெல்லாம் "நீர்" என்று கூப்பிட்டவன் இப்போது "நீங்கள்" என்கிறேன். ஒரே ஒரு நாள் மனம் கேட்கவில்லை. மகள் ஓல்போர்க்கிலிருந்து வந்து போயிருந்தாள், வீடு மறுபடி வெறிச்சென்று இருந்தது. கோப்பையை வைத்துவிட்டு, "நான்தான் அவர்," என்றேன்.

மரியாதைக்குச் சிரித்தாள். மேசையில் விரலால் கோடு இழுத்தாள். அதன் பிறகு அவள் கண் மெல்லக் கைப்பை தொங்கிய பக்கம் போனது.

"பகிடிக்குச் சொன்னனான்," என்றேன் அவசரமாக.

"அவருக்குத் தெரிஞ்சா கோவிப்பார்," என்றாள், மறுபடியும் கதிரையில் சாய்ந்தாள். பிறகு அந்தப் பேச்சை நான் எடுத்ததில்லை.

எழும்புகிற நேரம் இராச் சாப்பாட்டுத் தட்டு வரும் நேரம். அதற்கு முன் எழும்பினால் அவளுக்கு மறுபடியும் வேலையில்லாமல் போய்விடும். நேற்றும் அப்படித்தான், மட்டக்களப்புப் பிள்ளை தட்டைக் கொண்டுவந்து மேசையில் வைத்தாள்.

"அப்ப நான் வாறன்," என்றேன்.

"சாப்பிட்டிட்டுப் போகலாமே."

"இல்லை, போகவேணும்."

"உங்கட வீட்டில தேடுவினம், என்ன?"

"என்ர மனுசியிட்ட ஆள் வந்திருக்கு. கதைச்சுக்கொண்டிருப்பா."

வாசல் வரை வந்தாள். நான் நடைக்குள் இறங்கினேன், அவள் கதவுக்கு உள்ளே நின்றாள், ஒரு கை கதவில்.

"அவர் வந்தா ஆர் வந்ததெண்டு சொல்லுறது?"

"படத்தில வேலை செய்யிற ஆள் எண்டு சொல்லுங்கோ."

"அவரைத் தேடி வாற எல்லாரும் அதைத்தான் சொல்லுறவை," என்றாள். உள்ளேயிருந்து கதவைச் சாத்தினாள்.